சூரை மீன்: எந்த இனம், எந்தக் கடல், எந்த வலை?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் உணவுப் பக்கத்தில் அண்மையில் வெளியான ஒரு கட்டுரை, டப்பாவில் அடைத்த சூரை மீனை மலிவான புரதம் என்றும் இதயத்துக்கு உகந்தது என்றும் பாராட்டியிருந்தது. அடுத்த சில நாள்களிலேயே சுற்றுச்சூழல் பக்கத்தில் வந்த இன்னொரு கட்டுரை, சூரையில் பாதரசம் மிகுதி, கடலில் அந்த மீனே அருகிவிட்டது, ஆகவே அதைத் தொடாமலிருப்பதே நல்லது என்று எச்சரித்திருந்தது. இரண்டையும் படித்தவர் எதை நம்புவார்? மீன் பதப்படுத்தும் ஆலைகளில் தரப் பரிசோதகராக வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் என்ற முறையில் இதற்கு விடை சொல்ல முயல்கிறேன். இரண்டு கட்டுரையாளர்களும் பொய் எழுதவில்லை. ஒருவர் ஒரு மீனைப் பற்றி எழுதினார், மற்றவர் வேறொரு மீனைப் பற்றி எழுதினார். சூரையைச் சாப்பிடலாமா கூடாதா என்ற கேள்விக்கு, அது எந்த இனம், எந்தக் கடலில் பிடிபட்டது, எதைக் கொண்டு பிடித்தார்கள் என்ற மூன்றும் தெரியாமல் யாராலும் விடை சொல்ல இயலாது. இந்த மூன்றும் கப்பலின் மேல்தளத்தில் நிற்பவருக்குத் தெரியும். ஆலைக்கும் பெரும்பாலும் தெரியும். காசு கொடுத்து வாங்குகிறவருக்கு மட்டும் தெரிவதில்லை. இவற்றை டப்பாவின் மீது அச்சிடுவதைக் கட்டாயமாக்க வேண்டும் என்பதே என் கோரிக்கை. அதற்கான காரணங்களைச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டியிருக்கிறது.

விலங்கியலாளர்கள் சூரைகள் என்று வகைப்படுத்துபவை 15 இனங்கள். அவற்றில் துன்னஸ் என்ற பேரினத்தில் மட்டும் 8 இனங்கள் உள்ளன. மஞ்சள்துடுப்புச் சூரை, பெருங்கண் சூரை, அல்பகோர், மூன்று வகை நீலத்துடுப்புச் சூரைகள் ஆகியவை இதில் அடங்கும். உலகின் சூரைப் பிடிப்பில் பாதிக்கும் மேல் வரிச்சூரைதான். ஆனால் அது இந்தப் பேரினத்தைச் சேர்ந்ததே அல்ல, கட்சுவோனஸ் என்ற தனிப் பேரினம். வயிற்றுப் பக்கம் கரிய வரிகள் நீளவாக்கில் ஓடும் அந்த மீன் பெரும்பாலும் சில கிலோ எடையிலேயே பிடிபட்டுவிடும். 1979இல் கனடாவின் நோவா ஸ்கோஷியா கரைக்கு அப்பால் தூண்டிலில் சிக்கிய அட்லாண்டிக் நீலத்துடுப்புச் சூரை ஒன்றின் எடையோ 679 கிலோ. பன்னாட்டு உணவுத் தர அமைப்பான கோடெக்ஸ், டப்பாச் சூரைக்கென 1981இல் வகுத்த தரநிலை பத்துக்கும் மேற்பட்ட இனங்களை ஒரே பட்டியலில் வைக்கிறது. லேபிளில் இனத்தின் பெயரையும் சேர்த்துக்கொள்ளலாம் என்று அது சொல்கிறதே தவிர, சேர்த்தே ஆக வேண்டும் என்று சொல்லவில்லை. இறைச்சி வெள்ளையா, வெளிர் நிறமா, கரியதா, கண்டமா, துண்டமா, உதிரியா என்பதற்கெல்லாம் நுணுக்கமான இலக்கணம் வகுத்தவர்கள், உள்ளே இருப்பது எந்த மீன் என்பதை விருப்பத்துக்கு விட்டுவிட்டார்கள். வெள்ளை என்று போடுவதானால் அது அல்பகோராக இருக்க வேண்டும் என்ற ஒரு விதி மட்டும் வாங்குகிறவருக்குக் கொஞ்சம் துப்புக் கொடுக்கிறது.

இனத்துக்கு இனம் ஏன் இவ்வளவு வேறுபாடு என்பது புரிய, இந்த மீனின் உடலமைப்பைக் கொஞ்சம் பார்க்க வேண்டும். மீன் என்றால் குளிர்ந்த இரத்தம் என்றுதான் பள்ளியில் படித்தோம். 1835இல் ஜான் டேவி என்ற ஆங்கிலேய மருத்துவர், வரிச்சூரையின் உடல் சுற்றியுள்ள கடல்நீரைவிட ஏறத்தாழ 10 டிகிரி செல்சியஸ் கூடுதல் வெப்பமாக இருப்பதாகப் பதிவு செய்தார். காரணம் அதன் இரத்தக் குழாய்களின் அமைப்பு. சூரையின் முதுகெலும்பை ஒட்டி, விடாமல் உழைக்கும் சிவந்த தசை இருக்கிறது. அந்தத் தசையிலிருந்து திரும்பும் சிரைகளும், செவுளிலிருந்து குளிர்ந்த இரத்தத்தைக் கொண்டுவரும் தமனிகளும் மயிரிழை போன்ற கிளைகளாகப் பிரிந்து ஒன்றோடொன்று ஒட்டி, எதிரெதிர்த் திசையில் ஓடுகின்றன. வெளியேற வேண்டிய வெப்பம் உள்ளே வரும் இரத்தத்துக்குக் கைமாறி, தசைக்கே திரும்பிவிடுகிறது. செவுளில் இழந்திருக்க வேண்டிய சூட்டை இப்படிக் காப்பாற்றிக்கொள்வதால்தான் நீலத்துடுப்புச் சூரையால் குளிர்ந்த வடகடல்களிலும் வேட்டையாட முடிகிறது. அதோடு சூரைக்கு நிற்கும் சுதந்திரம் கிடையாது. வாயைத் திறந்தபடி முன்னே செல்லும்போது செவுள்களின் வழியே பாயும் நீரிலிருந்துதான் அது மூச்சு வாங்குகிறது, நின்றால் மூச்சடைக்கும். வரிச்சூரைக்குக் காற்றுப் பையும் இல்லை என்பதால் நின்றால் மூழ்கவும் செய்யும். இப்படி ஓயாமல் நீந்தும் தசையில் ஆக்சிஜனைத் தேக்கிவைக்கும் மயோகுளோபின் மிகுதி. சூரை இறைச்சி ஆட்டிறைச்சியைப்போலச் சிவந்திருப்பது அதனால்தான்.

உடலமைப்பு ஒன்றுபோல இருந்தாலும் வாழ்க்கைக் கணக்கு ஒன்றல்ல. வரிச்சூரை ஒன்றரை வயதுக்குள் பருவமடைந்து, வெப்பக் கடல்களில் ஆண்டு முழுவதும் முட்டையிடுகிறது. பிடித்த இடத்தை அடுத்த தலைமுறை விரைவில் நிரப்பிவிடும். தெற்கத்திய நீலத்துடுப்புச் சூரை பருவமடையவே ஏறத்தாழ 10 ஆண்டுகள் ஆகின்றன. 40 ஆண்டுகள்வரை வாழக்கூடியது. அது முட்டையிடுவதாக அறியப்பட்ட இடம் ஜாவாவுக்கும் வடமேற்கு ஆஸ்திரேலியாவுக்கும் இடைப்பட்ட கடல் ஒன்றே. ஓராண்டு கண்மூடித்தனமாகப் பிடித்துவிட்டால் முன்னது தாங்கும், பின்னது தாங்காது. இவை இரண்டையும் சேர்த்து 'சூரை அருகிவிட்டது' என்று எழுதுவதும் தவறு, 'சூரைக்குப் பஞ்சமில்லை' என்று எழுதுவதும் தவறு.

பாதரசக் கணக்கும் இதையே தொடர்ந்து வருகிறது. கடலில் சேரும் பாதரசத்தை நுண்ணுயிரிகள் மெத்தில் பாதரசமாக மாற்றுகின்றன. மிதவை உயிரிகளிலிருந்து சிறுமீனுக்கும், சிறுமீனிலிருந்து பெருமீனுக்கும் அது ஏறிக்கொண்டே போகிறது. நெடுநாள் வாழ்ந்து பெருமீன்களைத் தின்னும் இனத்தில் அது கூடுதலாகச் சேரும். குறுகிய ஆயுளில் சிறு இரை தின்னும் இனத்தில் குறைவாக இருக்கும். அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகத்தின் அளவீடுகளில், பெரும்பாலும் வரிச்சூரை அடைத்த வெளிர்நிற டப்பா மீனின் சராசரி பத்து லட்சத்தில் 0.13 பங்கு, டப்பா அல்பகோருக்கு 0.35, பெருங்கண் சூரைக்கு 0.69. கருவுற்ற பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் அந்த நாடு தரும் அறிவுரையிலும் முதல் வகை வாரம் இரண்டு மூன்று முறை உண்ணத்தக்க மீன்களின் வரிசையிலும், அல்பகோரும் மஞ்சள்துடுப்பும் வாரம் ஒருமுறை என்ற வரிசையிலும், பெருங்கண் சூரை தவிர்க்க வேண்டியவற்றின் வரிசையிலும் இருக்கின்றன. ஒரே கடை அலமாரியில் ஒரே பெயரோடு அடுக்கியிருக்கும் பொருள்களுக்கு மூன்று வெவ்வேறு அறிவுரைகள் பொருந்தும்போது, டப்பாவைக் கையில் வைத்திருக்கும் கருவுற்ற பெண் எதைப் பின்பற்றுவார்? தங்கள் உணவுப் பக்கக் கட்டுரையும் சரி, சுற்றுச்சூழல் பக்கக் கட்டுரையும் சரி, இந்த வேறுபாட்டை ஒரு வரியில்கூடக் குறிப்பிடவில்லை.

பாதரசத்தைப் பற்றி இவ்வளவு பேசுகிறவர்கள் ஹிஸ்டமின் பற்றிப் பேசுவதே இல்லை என்பது பரிசோதகனாக என் நெடுநாளைய மனக்குறை. சூரையின் தசையில் ஹிஸ்டிடின் என்ற அமினோ அமிலம் மிகுதி. மீன் செத்த பிறகு உடனே குளிர்விக்காவிட்டால் பாக்டீரியாக்கள் அதை ஹிஸ்டமினாக மாற்றிவிடும். உண்ட சில நிமிடங்களிலிருந்து ஒரு மணி நேரத்துக்குள் முகம் சிவந்து, தலைவலியும் படபடப்பும் தொடங்கும். ஒவ்வாமை என்று நினைத்து மருத்துவரிடம் ஓடுவார்கள். ஒருமுறை உருவான ஹிஸ்டமினைக் கொதிக்க வைத்தும் போக்க முடியாது, டப்பாவில் அடைத்து உயர் வெப்பத்தில் வேகவைத்தும் போக்க முடியாது. மீனின் தோற்றமும் மணமும் அதைக் காட்டிக்கொடுப்பதில்லை. ஆலையில் வேகவைத்த சூரையைப் பிளந்து பார்க்கும்போது, தசையில் தேனடையைப் போன்ற சிறுசிறு துளைகள் தென்பட்டால் அந்த மீனை ஒதுக்கிவிடுவோம். கப்பலிலேயே அது கெடத் தொடங்கிவிட்டது என்பதற்கு அது அடையாளம். பிழை ஆலையில் நேர்ந்ததல்ல, பிடித்த முதல் சில மணி நேரங்களில் பனிக்கட்டி போதாமல் நேர்ந்தது. உடல் சூடுள்ள மீன் என்று மேலே சொன்னேன் அல்லவா? போராடிச் சாகும் சூரையின் உள்வெப்பம் இன்னும் ஏறும். தசையில் அமிலமும் கூடி, இறைச்சி வெளிறிக் குழைந்துவிடும். பச்சையாக உண்ணும் சந்தைக்கு மீன் அனுப்புகிறவர்கள் பிடித்த கையோடு மூளையில் குத்தி, இரத்தத்தை வடித்து, பனிநீரில் அமிழ்த்துவது இதைத் தவிர்க்கத்தான். அப்படியிருக்க, வெட்டிய சூரைத் துண்டின் செந்நிறம் மாறாமலிருக்கக் கார்பன் மோனாக்சைடு செலுத்தும் பழக்கமும் இந்தத் தொழிலில் உண்டு. ஐரோப்பிய ஒன்றியம் அதை அனுமதிப்பதில்லை. வேறு சில நாடுகள் அனுமதிக்கின்றன. அந்த நிறத்தை நம்பி மீனின் புதுமையை முடிவுசெய்வதற்கில்லை.

இடையில் ஒன்று சொல்லிவிடுகிறேன். டப்பா மீனில் கண்ணாடித் துண்டு கிடந்தது என்று வரும் புகார்களில் கணிசமானவை கண்ணாடி அல்ல. மீனின் தசையிலுள்ள மக்னீசியமும் பாஸ்பேட்டும் அம்மோனியாவுடன் சேர்ந்து ஸ்ட்ரூவைட் என்ற படிகமாக உறைந்திருக்கும். வெதுவெதுப்பான வினிகரில் போட்டால் மெல்லக் கரைந்துவிடும், கண்ணாடி கரையாது. செய்தியாக்குவதற்கு முன் இந்தச் சிறு சோதனையைச் செய்து பார்க்கும்படி நிருபர்களைக் கேட்டுக்கொள்கிறேன்.

இனி பிடிக்கும் முறைக்கு வருகிறேன். உலகில் முக்கிய வணிகச் சூரைகளின் ஆண்டுப் பிடிப்பு சுமார் 50 லட்சம் டன். அதில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு சுருக்குமடிக் கப்பல்களின் வலையில் வருகிறது. ஏறத்தாழ 2 கிலோமீட்டர் நீளமும் 200 மீட்டர் ஆழமும் உள்ள வலையை மீன்கூட்டத்தைச் சுற்றி வட்டமாக விட்டு, அடிக்கயிற்றை இழுத்துச் சுருக்கி, மொத்தமாக அள்ளிவிடுவார்கள். இவ்வாறு பிடித்த மீன் கப்பலின் அறைகளில் உப்புக் கரைசலில் உறையவைக்கப்படுகிறது. ஆகவே அது பெரும்பாலும் டப்பாவுக்குத்தான் போகும். பச்சையாக உண்ணும் சந்தைக்குப் போவது வேறு வகைக் கப்பல்களின் மீன். பல பத்துக் கிலோமீட்டர் நீளக் கயிற்றில் ஆயிரக்கணக்கான தூண்டில்களைக் கோத்துவிடும் ஆயிரங்கால் தூண்டில் கப்பல்கள் ஆழத்தில் திரியும் பெருங்கண் சூரையையும் நீலத்துடுப்பையும் பிடித்து, மைனஸ் 60 டிகிரியில் உறையவைத்துக் கொண்டுவருகின்றன. இந்தத் தூண்டில்களில் கடலாமைகளும் அல்பட்ரோஸ் பறவைகளும் மாட்டிக்கொள்வது பழைய துயரம். தூண்டில் விடும்போது பறவைகளை விரட்டும் நாடாக்களைக் கட்டியிழுப்பதும் இரவில் தூண்டில் விடுவதும் அதைப் பெரிதும் குறைத்திருக்கின்றன. இக்கப்பல்களில் ஆண்டுக்கணக்கில் கரை காணாமல் வேலை வாங்கப்படும் தொழிலாளர்களின் நிலையோ அவ்வளவு எளிதில் குறையவில்லை. பிடித்த மீனை நடுக்கடலிலேயே வேறு கப்பலுக்கு மாற்றிவிடுவதால் கப்பல் துறைமுகத்துக்கு வரவேண்டிய தேவையே எழுவதில்லை. துறைமுகத்துக்கு வராத கப்பலை எந்த அதிகாரியும் சோதிப்பதில்லை.

இவற்றுக்கெல்லாம் மாறான முறை ஒன்று மாலத்தீவில் பல நூற்றாண்டுகளாக நடக்கிறது. உயிருள்ள சிறுமீன்களை இரையாகக் கடலில் வீசி, படகின் பின்புறத்திலிருந்து நீரைத் தூவுவார்கள். நீர்ப்பரப்பு கலங்குவதைக் கண்டு வரிச்சூரைக் கூட்டம் வெறிகொண்டு மேலெழும்பும். வரிசையாக நிற்கும் மீனவர்கள் கம்புத் தூண்டிலை வீசி, கவ்வியதும் தலைக்கு மேலாகச் சுழற்றிப் பின்னால் போடுவார்கள். கொக்கியில் முள் கிடையாது என்பதால் மீன் தானாகவே கழன்று தளத்தில் விழும். அடுத்த நொடி கம்பு மறுபடி நீரில். ஒரு கொக்கிக்கு ஒரு மீன். வேண்டாத மீன் மாட்டுவது அரிது. சுறாவும் ஆமையும் மாட்டுவது அதனினும் அரிது. 14ஆம் நூற்றாண்டில் அங்கே தங்கியிருந்த இபன் பதூதா, அவித்துப் புகையூட்டிக் காயவைத்த அந்நாட்டு மீன் இந்தியாவுக்கும் சீனத்துக்கும் யேமனுக்கும் ஏற்றுமதியாவதை எழுதிவைத்திருக்கிறார். அந்த மாசிதான் டப்பாவுக்கு முந்தைய டப்பா. இந்த முறைக்கும் குறை உண்டு. இரைக்காகப் பவளப் பாறைகளை ஒட்டிய சிறுமீன்களை அள்ள வேண்டியிருக்கிறது. ஆள்பலமும் அதிகம் தேவை. ஆனாலும் கம்புத் தூண்டில் வரிச்சூரையும் மிதவைக்கடியில் சுருக்குமடியால் வாரிய வரிச்சூரையும் ஒரே விலைக்கு, ஒரே லேபிளில் போகும் இடத்தில், முன்னதைப் பிடித்தவருக்கு என்ன மரியாதை?

மிதவை என்று நான் குறிப்பிட்டதை விளக்க வேண்டும். கடலில் மிதக்கும் எந்தப் பொருளின் கீழும் சூரைகள் கூடும் என்பது பழங்கால மீனவர்களும் அறிந்ததுதான். இப்போது மூங்கில் அல்லது பிளாஸ்டிக் தெப்பத்தைக் கட்டி, அதனடியில் பழைய வலைகளைத் தொங்கவிட்டு, செயற்கைக்கோள் கருவியோடு மிதக்கவிடுகிறார்கள். அடியில் எவ்வளவு மீன் சேர்ந்திருக்கிறது என்பதை அதிலுள்ள எதிரொலிமானி கப்பல் தலைவரின் திரைக்கு அனுப்பிவைக்கும். தேடும் செலவு மிச்சம். ஆனால் வரிச்சூரையோடு கூடவே, இன்னும் ஒருமுறைகூட முட்டையிடாத மஞ்சள்துடுப்புக் குஞ்சுகளும் பெருங்கண் குஞ்சுகளும் அங்கே கூடியிருக்கும். வலை பிரித்துப் பார்ப்பதில்லை. தொங்கும் வலையில் சிக்கிச் சாகும் பட்டுச் சுறாக்களின் எண்ணிக்கை இந்தியப் பெருங்கடலில் மட்டும் ஆண்டுக்கு 4.8 லட்சம் முதல் 9.6 லட்சம் வரை இருக்கலாம் என்று 2013இல் வெளியான ஓர் ஆய்வு கணித்தது. அதன் பிறகு சிக்காத வகை மிதவைகளுக்கு விதிகள் வந்தன. 2023 பிப்ரவரியில் மொம்பாசாவில் கூடிய இந்தியப் பெருங்கடல் சூரை ஆணையம், மிதவை மீன்பிடிப்பை ஆண்டுக்கு 72 நாள் நிறுத்திவைக்கத் தீர்மானித்தது. ஐரோப்பிய ஒன்றியம் உள்ளிட்ட உறுப்பினர்கள் ஆட்சேபம் தெரிவித்ததால் அத்தீர்மானம் நடைமுறைக்கு வரவில்லை. ஆட்சேபித்தால் கட்டுப்பட வேண்டியதில்லை என்ற விதி இருக்கும்வரை இத்தகைய ஆணையங்களிடமிருந்து பெரிதாக எதிர்பார்க்க முடியாது என்பது என் கருத்து.

டப்பாவின் மீது ஒன்றுமே அச்சிடப்படுவதில்லை என்று யாரும் சொல்ல முடியாது. 'டால்பின்களுக்குத் தீங்கில்லை' என்ற முத்திரை பல டப்பாக்களில் இருக்கிறது. கிழக்குப் பசிபிக்கின் வெப்பக் கடலில் பெரிய மஞ்சள்துடுப்புகள் டால்பின் கூட்டத்தின் அடியிலேயே திரிவதால், டால்பின்களை வளைத்து வலைவிட்ட காலம் ஒன்று இருந்தது. 1960களில் ஆண்டுக்கு லட்சக்கணக்கில் அவை மடிந்தன. அமெரிக்காவின் 1972ஆம் ஆண்டுக் கடல் பாலூட்டிகள் பாதுகாப்புச் சட்டமும், 1990இல் பெரிய டப்பா நிறுவனங்கள் எடுத்த முடிவும், வலையிலிருந்து டால்பின்களை வெளியேற்றும் புதிய உத்திகளும் அந்தக் கொலையை அறவே மாற்றிவிட்டன. அது பெரிய வெற்றி. ஆனால் அந்த முத்திரை விடையளிப்பது அந்த ஒரு கடலின் ஒரு கேள்விக்கு மட்டுமே. மேற்குப் பசிபிக்கின் வரிச்சூரைக் கூட்டங்களோடு டால்பின்கள் திரிவது அந்த அளவுக்கு வழக்கமே இல்லை; அங்கே பிடித்த மீனுக்கும் அதே முத்திரை. டால்பின் கூட்டத்தை விட்டுவிட்டு மிதவைக்கு மாறிய கப்பல்களால் சுறாக்களுக்கும் குஞ்சு மீன்களுக்கும் நேர்ந்த இழப்பைப் பற்றி அது வாய்திறப்பதில்லை. வாங்குகிறவரோ முத்திரையைப் பார்த்ததும் எல்லாம் சரியென்று நினைத்துக்கொள்கிறார்.

எந்தக் கடல் என்பது ஏன் தெரிய வேண்டும் என்பதற்கு ஒரே இனத்தை எடுத்துக்கொண்டால் போதும். மேற்கு, மத்திய பசிபிக்கில் பெருங்கண் சூரை அளவுமீறிப் பிடிக்கப்படவில்லை என்று அங்குள்ள மதிப்பீடுகள் சொல்கின்றன. இந்தியப் பெருங்கடலில் 2022இல் செய்த மதிப்பீடு அதே இனம் அளவுமீறிப் பிடிக்கப்பட்டுவிட்டது என்றது. கடலின் நிலை ஆண்டுக்கு ஆண்டு மாறவும் செய்கிறது. தங்கள் சுற்றுச்சூழல் கட்டுரை நீலத்துடுப்பைப் பற்றித் தந்த சித்திரம் 2010ஐ ஒட்டியது. அப்போது அட்லாண்டிக் நீலத்துடுப்பின் நிலை உண்மையிலேயே கவலைக்குரியதாக இருந்தது. அதன் பன்னாட்டு வணிகத்தையே தடைசெய்ய வேண்டுமென்று மொனாக்கோ அந்த ஆண்டு தோஹாவில் கொண்டுவந்த முன்மொழிவு தோற்றது. ஆனால் பிடிப்பு வரம்பை, அட்லாண்டிக் சூரைகளை நிர்வகிக்கும் பன்னாட்டு ஆணையம் கடுமையாகக் குறைத்தது. 2011இல் கிழக்கு அட்லாண்டிக்கிலும் மத்தியதரைக் கடலிலும் அது 12,900 டன். இனம் மீண்டது, 2023இல் வரம்பு 40,570 டன்னாக உயர்த்தப்பட்டது. பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் 2021இல் அந்த இனத்தை 'அழியும் நிலை'யிலிருந்து 'கவலை குறைந்த' பட்டியலுக்கு மாற்றியது. பசிபிக் நீலத்துடுப்பும் குறிவைத்த காலத்துக்கு முன்பே கணிசமாக மீண்டிருக்கிறது. ஒழுங்காகக் கணக்குப் பார்த்து, சொன்ன வரம்பைக் காப்பாற்றினால் சூரை திரும்பிவரும் என்பதற்கு இவை சான்று. 2019 ஜனவரியில் டோக்கியோவின் டொயோசு சந்தையில் 278 கிலோ எடையுள்ள ஒரு மீன் 33.36 கோடி யென்னுக்கு ஏலம் போனதை எல்லா நாளிதழ்களும் படத்தோடு வெளியிட்டன. புத்தாண்டு விளம்பரத்துக்காகக் கேட்கப்படும் அந்த விலைக்கும் தொழிலின் நிலைக்கும் தொடர்பில்லை. இந்த மீட்சியை அதே அளவில் வெளியிட்டவர்களைக் காணவில்லை.

கடல் என்பது மீன் இருப்பை மட்டும் குறிப்பதல்ல. பணம் யாருக்குப் போகிறது என்பதையும் குறிக்கிறது. கிரிபாட்டி, துவாலு, நவூரு, பப்புவா நியூகினி உள்ளிட்ட 8 பசிபிக் நாடுகள் 1982இல் உருவான நவூரு உடன்பாட்டில் இணைந்திருக்கின்றன. அயல்நாட்டுக் கப்பல்கள் தங்கள் கடலில் வலைவிடும் நாள்களை எண்ணி, நாளுக்கு இவ்வளவு என்று அவை கட்டணம் வாங்குகின்றன. 2010இல் ஏறத்தாழ 6 கோடி டாலராக இருந்த வருமானம் பத்தாண்டுக்குள் 50 கோடி டாலர் அளவுக்கு உயர்ந்தது. விளைநிலம் என்று சொல்லிக்கொள்ள ஏதுமில்லாத தீவுகளுக்கு அது பள்ளிக்கூடமும் மருத்துவமனையும். அக்கடலில் பிடித்த மீனையே வாங்க விரும்பும் ஒருவருக்கு டப்பா உதவ வேண்டாமா?

மீனின் பெயரில் நடக்கும் ஆள்மாறாட்டம் தனிக் கதை. 2013இல் அமெரிக்காவில் ஓஷியானா என்ற கடல் பாதுகாப்பு அமைப்பு வெளியிட்ட மரபணுச் சோதனையில், வெள்ளைச் சூரை என்று விற்கப்பட்ட மாதிரிகளில் 84 விழுக்காடு எஸ்கோலார் என்ற வேறு மீனாக இருந்தன. செரிக்க முடியாத மெழுகுக் கொழுப்பு நிறைந்த அந்த மீன் பலருக்கு வயிற்றுப்போக்கை உண்டாக்கும்.

இத்தனை விவரத்தையும் கேட்பது நடைமுறைக்கு ஒத்துவராது என்பார்கள் ஆலைக்காரர்கள். பல கப்பல்களின் மீன் கலந்துவிடுகிறது, லேபிள்களை மொத்தமாக அச்சிடுகிறோம், அடிக்கடி மாற்ற முடியாது என்பது அவர்கள் வாதம். ஆலைக்குள் இருந்தவன் என்ற முறையில் இதை ஏற்க முடியவில்லை. உறைந்த மீன் வந்திறங்கும்போதே எந்தக் கப்பல், எந்தப் பயணம், கப்பலின் எந்த அறை என்ற குறிப்போடுதான் வருகிறது. ஹிஸ்டமின் சோதனையின் பதிவேடு அந்த அடிப்படையில்தான் எழுதப்படுகிறது. மேலும் 2010 முதல் ஐரோப்பிய ஒன்றியத்துக்குள் நுழையும் கடல்மீனுக்கு, டப்பா மீன் உட்பட, கப்பல், இனம், கடற்பகுதி ஆகியவற்றைக் குறிக்கும் பிடிப்புச் சான்றிதழ் கட்டாயம். அதே ஒன்றியம் 2013இல் இயற்றிய சந்தை ஒழுங்குமுறை, பச்சை மீனையும் உறைந்த மீனையும் விற்பவர் இனம், கடற்பகுதி, பிடித்த கருவி மூன்றையும் நுகர்வோருக்குச் சொல்ல வேண்டும் என்கிறது. டப்பா மீனுக்கு மட்டும் அந்தக் கட்டாயம் பொருந்தாது. அதாவது அதிகாரியின் கோப்பில் இருக்கும் தகவல், வாங்குகிறவரின் கண்ணில் படுவதற்கு முன் நின்றுவிடுகிறது. மறைவதற்குத் தொழில்நுட்பக் காரணம் ஏதுமில்லை. கேட்க ஆளில்லை என்பதே காரணம்.

லேபிளை மாற்றவும் வேண்டியதில்லை. ஒவ்வொரு டப்பாவின் மூடியிலும் தயாரித்த நாளையும் தொகுதி எண்ணையும் மைப்பொறி அடித்துக்கொண்டுதான் இருக்கிறது. உலக உணவு, வேளாண் நிறுவனம் கடல்களுக்குக் கொடுத்திருக்கும் எண்கள் இரண்டிலக்கம்தான்: மேற்கு இந்தியப் பெருங்கடலுக்கு 51, கிழக்குக்கு 57, மேற்கு மத்திய பசிபிக்குக்கு 71. இனத்துக்கு மூன்றெழுத்துக் குறியீடும் அந்த நிறுவனத்திடமே இருக்கிறது. கருவிக்கு ஓரெழுத்துப் போதும். தொகுதி எண்ணோடு இன்னும் சில எழுத்துகளை அடிப்பதற்கு ஆகும் மைச் செலவைச் சொல்லி யாரும் விலையேற்ற முடியாது. குறியீட்டின் பொருளை லேபிளின் ஓரத்தில் நிரந்தரமாக அச்சிட்டுவிடலாம். சில நிறுவனங்கள் தாமாகவே இதைப் போன்றதைச் செய்கின்றன. ஆனால் செய்ய விரும்புகிறவர் மட்டும் செய்யும் ஏற்பாட்டில், மறைக்க வேண்டிய தேவை உள்ளவர் ஒருபோதும் சேரமாட்டார்.

சட்டம் வரும்வரை தங்கள் நாளிதழ் செய்யக்கூடியது ஒன்று உண்டு. சூரையைப் பற்றிய உணவுக் குறிப்போ எச்சரிக்கையோ வெளியிடும்போது, எந்த இனம் என்பதைக் கட்டுரையாளரிடம் கேட்டு எழுதச் செய்யுங்கள். கடலில் இருப்புக் குறைந்துவிட்டது என்று ஒருவர் எழுதினால், எந்தக் கடல், எந்த ஆண்டின் மதிப்பீடு என்று கேளுங்கள். குறிப்பாக, சுற்றுச்சூழல் கட்டுரையில் கருவுற்ற பெண்களுக்குச் சூரையே ஆகாது என்று பொதுப்படையாகச் சொன்ன வரிக்கு, வரிச்சூரைக்கும் பெருங்கண் சூரைக்கும் உள்ள வேறுபாட்டைக் காட்டி ஒரு திருத்தம் வெளியிடும்படி வேண்டுகிறேன்.

இங்ஙனம்,
தங்கள் நெடுநாள் வாசகன்,
ஓய்வுபெற்ற மீன் தரப் பரிசோதகர்